டெல்லி வரை போன கேள்வி

திருவாரூர் மாவட்டம், விவசாயக் குடும்பம் என்று வெளியூரில் சொன்னால் பலருக்கு ஒரு படம் நினைவுக்கு வருகிறது. டெல்லி ஜந்தர் மந்தர் சாலையோரத்தில் இடுப்பில் பச்சைத் துணியோடு உட்கார்ந்திருக்கும் வயதான ஆட்கள், முன்னால் மண்டையோடுகள், ஒருவர் வாயில் எலி. "அவங்கல்லாம் உங்க ஊர்ப் பக்கம்தானே?" என்று கேட்பார்கள். ஆமாம், எங்கள் பக்கம்தான். காவிரித் தண்ணீரை நம்பியிருக்கிற ஊர்களிலிருந்து கிளம்பிப் போனவர்கள். என் சித்தப்பாவும் அதில் ஒருவர்.

2017 மார்ச் 14-ஆம் தேதி உட்கார்ந்தார்கள். ஏப்ரல் 23-ஆம் தேதி தற்காலிகமாக முடித்துக்கொண்டார்கள். 41 நாள். ஜூலை நடுவில் மறுபடி போய் உட்கார்ந்து, அக்டோபர் வரைக்கும் இருந்தார்கள். தேசிய தென்னிந்திய நதிகள் இணைப்பு விவசாயிகள் சங்கம் என்ற நீளமான பெயர், தலைவர் திருச்சி வழக்கறிஞர் பி. அய்யாக்கண்ணு. எலியும் பாம்பும் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கிறது. அவர்கள் என்ன கேட்டார்கள் என்று கேட்டுப் பாருங்கள், பாதிப் பேர் "கடன் தள்ளுபடி" என்பார்கள், மீதிப் பேர் யோசிப்பார்கள். யாரிடம் கேட்டார்கள், ஏன் அவரிடம் மட்டும் கேட்டார்கள் என்பதை யாருமே கேட்பதில்லை. எனக்கு அதுதான் முக்கியம். அதைத்தான் எழுதப்போகிறேன்.

முதலில் அந்த வருஷத்தைச் சொல்ல வேண்டும்.

டெல்டாவுக்கு மேட்டூர் அணை ஜூன் 12-ஆம் தேதி திறக்க வேண்டும். அப்போதுதான் குறுவை என்ற முதல் போக நெல் நடக்கும். 2012-இலிருந்து அந்தத் தேதி வெறும் சம்பிரதாயமாகப் போய்விட்டிருந்தது. 2016-இல் அணை திறந்தது செப்டம்பர் 20-ஆம் தேதி. குறுவை போயே போய்விட்டது, சம்பாவுக்காகத் திறந்தார்கள். எங்களுடையது கடைமடை, ஆற்றுத் தண்ணீர் கடைசியாக வந்து சேரும் இடம். திருத்துறைப்பூண்டிக்குத் தெற்கே, முள்ளியாற்றுப் பாசனம். கல்லணையிலிருந்து வெண்ணாறு பிரிந்து, அது மறுபடி பிரிந்து பிரிந்து, முறை வைத்து வந்து சேர்வதற்குள் நாற்றங்கால் மஞ்சளடித்துவிடும். அதனால் எங்கள் பக்கம் பலர் நாற்று விட்டு நடாமல் நேரடியாக விதைத்தார்கள். ஆற்றுத் தண்ணீர் முளைப்புக்கு, ஐப்பசி கார்த்திகை மழை மிச்சத்துக்கு. அந்தக் கணக்கில்தான் கடைமடை பிழைக்கிறது.

அந்த வருஷம் மழை வரவில்லை. வடகிழக்குப் பருவமழை தமிழ்நாட்டில் வழக்கத்தைவிட 62 சதவீதம் குறைந்தது. முழங்கால் உயரத்துக்குக்கூட வராத பயிர் வரிசை வரிசையாக வெளுத்தது. வயலில் வெடிப்பு விழுந்தது, கையை விட்டால் மணிக்கட்டு வரைக்கும் போனது. வயலுக்குப் போனவர்கள் வரப்பிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்ததாகச் செய்தி வந்துகொண்டே இருந்தது. பூச்சிமருந்து குடித்தவர்கள் தனி. 2017 ஜனவரி 10-ஆம் தேதி அன்றைய முதல்வர் ஓ. பன்னீர்செல்வம் எல்லா மாவட்டங்களையும் வறட்சி மாவட்டங்களாக அறிவித்தார். தற்கொலை செய்துகொண்டவர்கள் என்று 17 விவசாயிகளின் குடும்பங்களுக்குத் தலா 3 லட்சம் ரூபாய் அறிவிக்கப்பட்டது. மற்ற சாவுகளுக்கு வயது, நோய் என்று காரணம் சொல்லப்பட்டது. எங்கள் பக்கத்து ஊரில் ஒருவர் காய்ந்த வயலைப் பார்த்துவிட்டு வந்து அன்று இரவே இறந்தார். மாரடைப்பு என்று எழுதினார்கள். மாரடைப்புதான், யார் இல்லையென்றது? அந்த மாரடைப்பு ஏன் கார்த்திகை மாதத்தில் வந்தது என்று எழுத அந்தப் படிவத்தில் இடம் இல்லை.

நெல்லுக்கு நிவாரணம் ஏக்கருக்கு 5,465 ரூபாய். உழவுக் கூலிக்கும் விதைக்குமே பத்தாது. தமிழக அரசு வறட்சிக்கென்று மத்திய அரசிடம் கேட்டது 39,565 கோடி. மார்ச் மாதம் ஒதுக்கப்பட்டது 1,748 கோடி. கேட்டதில் இருபதில் ஒரு பங்குகூட இல்லை. கேட்பவர் கூட்டித்தான் கேட்பார், கொடுப்பவர் குறைத்துத்தான் கொடுப்பார், சரி. ஆனால் இவ்வளவு தூரமா?

இனி அந்த மஞ்சப்பையைப் பற்றி.

நிலம் சித்தியின் பெயரில் இருக்கிறது. சித்தியின் அப்பா எழுதிக்கொடுத்தது. பட்டா, சிட்டா, அடங்கல், கூட்டுறவு சங்கப் பாஸ்புக், காப்பீட்டுக்குப் பிரீமியம் கட்டிய ரசீது எல்லாம் ஒரு மஞ்சப்பையில். ரசீது அந்த வழவழப்பான தாளில் அடித்தது. ஆறு மாதத்தில் எழுத்து மங்கிவிடும் என்று சித்தி முன்னாலேயே மூன்று ஜெராக்ஸ் எடுத்து வைத்திருந்தாள். சித்தப்பா அந்தப் பையைத் தூக்கிக்கொண்டு 2016 மார்கழியிலிருந்து அலைந்தார். கிராம நிர்வாக அலுவலரிடம் கேட்டால், "நான் கணக்கு எடுத்து அனுப்பிட்டேன், தாலுகாவில கேளுங்க." தாலுகாவில் கேட்டால் "கலெக்டர் ஆபீஸுக்குப் போயிருச்சு." அங்கே போனால் நிவாரணம் சென்னையில் முடிவாக வேண்டும், காப்பீடு மத்திய அரசின் திட்டம், அறுவடைச் சோதனை முடிவு கம்பெனிக்குப் போயிருக்கிறது. கடனைப் பற்றி சங்கத்தில் கேட்டால் "அரசாணை வந்தாதான்." தண்ணீரைப் பற்றிக் கேட்டால் அது வழக்கு, டெல்லியில் நடக்கிறது. யாரும் மரியாதைக் குறைவாகப் பேசவில்லை. நாற்காலி போட்டு உட்காரச் சொன்ன இடமும் உண்டு. ஒவ்வொரு மேஜையும் அடுத்த மேஜையைக் காட்டியது, அவ்வளவுதான்.

அந்தக் காப்பீட்டுத் திட்டம் 2016-இல்தான் வந்தது. பிரதம மந்திரியின் பயிர்க் காப்பீட்டுத் திட்டம். சம்பாவுக்கு விவசாயி கட்ட வேண்டியது காப்பீட்டுத் தொகையில் ஒன்றரை சதவீதம். ஒவ்வொரு வருவாய்க் கிராமத்திலும் சில வயல்களைத் தேர்ந்தெடுத்து அறுத்து எடை போட்டு, அந்தக் கிராமத்துக்கே ஒரு சராசரி போடுவார்கள். உன் வயல் சாம்பலாகப் போயிருந்தாலும் சோதனைக்கு அறுத்த வயலில் கொஞ்சம் நெல் இருந்தால் உனக்கும் அந்தச் சராசரிதான். வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் ஒரு கிராமம், இந்தப் பக்கம் ஒரு கிராமம், தொகையில் மலைக்கும் மடுவுக்கும் வித்தியாசம் வரும். ஏன் என்று கேட்டால் பதில் சொல்ல உள்ளூரில் ஆள் கிடையாது. விண்ணப்பத்தின் தலைப்பில் மட்டும் ஒரு பதவியின் பெயர் இருந்தது. சித்தப்பா அதைத்தான் பிடித்துக்கொண்டார். "மேல போட்டிருக்கிற பேரு யாரோட பேரு? அப்ப அவர்கிட்டதானே கேக்கணும்?"

வேடிக்கைக்காகச் சொல்லவில்லை. தண்ணீரிலும் அதே கதைதான். காவிரி நடுவர் மன்றத்தின் இறுதித் தீர்ப்பு 2007-இல் வந்தது, அரசிதழில் வர 2013 ஆனது, அதை நடைமுறைப்படுத்தும் வாரியம் 2016-இலும் இல்லை. மேட்டூர் திறந்த அதே செப்டம்பர் 20-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் நான்கு வாரத்தில் வாரியத்தை அமைக்கச் சொன்னது. அமைக்கிறோம் என்று முதலில் ஒப்புக்கொண்ட மத்திய அரசு, அக்டோபர் 3-ஆம் தேதி, அது நாடாளுமன்றத்தின் அதிகாரம், நீதிமன்றம் உத்தரவிட முடியாது என்று மாற்றிப் பேசியது. கர்நாடகத்திலும் ஓட்டு இருக்கிறது, எங்களுக்கும் புரிகிறது. ஆனால் அந்த முடிவை எடுத்தது பெங்களூரும் இல்லை, சென்னையும் இல்லை. எல்லா மேஜையும் கை காட்டி முடிந்த இடத்தில் பிரதமர் இருந்தார். நரேந்திர மோடியின் மேல் தனிக் கோபம் எதுவும் சித்தப்பாவுக்கு அப்போது இல்லை. 2014-இல் அவர் யாருக்கு ஓட்டுப் போட்டார் என்று எனக்குத் தெரியும், சொல்ல மாட்டேன். பதில் சொல்ல வேண்டியவரைத் தேடிக்கொண்டு போனதுதான் அந்தப் பயணம்.

ஜந்தர் மந்தரில் அவர்கள் தனியாக இல்லை. ஒரே பதவிக்கு ஒரே பென்ஷன் கேட்டு முன்னாள் ராணுவத்தினர் 2015 ஜூனிலிருந்து அதே சாலையில் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களில் முன்பு நீலகிரி வெலிங்டன் ராணுவ முகாமில் இருந்த ஒரு ஹவில்தார், தெரிந்த நாலு தமிழ் வார்த்தையை வைத்துக்கொண்டு தினமும் வந்து பேசுவாராம். "நாங்க எத்தனை வருஷமா உக்காந்திருக்கோம் பாரு" என்பது அவர் சொல்லும் ஆறுதல். மார்ச்சில் ராத்திரி குளிர், ஏப்ரலில் பகல் முழுக்க அனல். தார்ப்பாய் விரித்த நடைபாதை. குளிப்பதற்குக் கட்டணக் கழிப்பறை. போன் சார்ஜ் போட ஒரு டீக்கடை. டெல்லியில் படிக்கிற தமிழ்ப் பிள்ளைகள் சாப்பாடு கொண்டு வருவார்கள். இல்லாவிட்டால் நடந்து போகிற தூரத்தில் பங்களா சாகிப் குருத்வாரா. "நீ யாரு, எந்த ஊருன்னு ஒரு வார்த்தை கேக்கல. தட்டை நீட்டினா ரொட்டி. சோறு இல்லாமதான் கொஞ்சம் சிரமமா இருந்துச்சு" என்று சித்தப்பா சொன்னபோது அவர் கண் கலங்கியதை நான் பார்த்தேன்.

பெரிய ஆட்கள் வந்தார்கள். நிதியமைச்சர் அருண் ஜேட்லியைப் போய்ப் பார்த்தார்கள். ராகுல் காந்தி மார்ச் 31-ஆம் தேதி வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். நடிகர்கள் வந்தார்கள். யாருடைய வாசலில் உட்கார்ந்தார்களோ அவர் மட்டும் கூப்பிடவில்லை. முதலில் கேமரா வரவில்லை. மண்டையோட்டை வைத்த பிறகுதான் வந்தது. அப்புறம் ஒவ்வொரு நாளும் புதிதாக ஒன்று தேவைப்பட்டது. பாதி மீசை, பாதி மொட்டை, எலி, பாம்பு, சேலை கட்டுவது, தரையில் சோற்றைக் கொட்டிச் சாப்பிடுவது. ஏப்ரல் 10-ஆம் தேதி பிரதமர் அலுவலகத்துக்குப் பக்கத்தில் நிர்வாணமாக ஓடினார்கள்.

அந்தச் செய்தி வந்த சாயங்காலம் நான் சித்தி வீட்டில் இருந்தேன். டிவியில் முகத்தை மறைக்காமல், உடம்பை மட்டும் மறைத்துக் காட்டினார்கள். சித்தி பார்த்துக்கொண்டே நின்றாள். சித்தப்பா அந்த ஓட்டத்தில் இருந்தாரா என்று தெரியவில்லை. அவரும் சொல்லவில்லை, சித்தியும் இன்று வரைக்கும் கேட்டதில்லை. தெருவில் அன்றைக்கு யாரும் அதைப் பற்றிப் பேசவில்லை. அடுத்த நாள் கடைக்குப் போனபோது கடைக்காரர் சித்தியிடம் காசு வாங்கவில்லை. "அண்ணன் வந்து குடுக்கட்டும்" என்றார். கேலி செய்தவர்களும் இருந்தார்கள். பாட்டில் தண்ணீர் குடிக்கிற படத்தைப் போட்டு, ஏழை விவசாயியாம், மினரல் வாட்டர் குடிக்கிறானாம் என்று வாட்சப்பில் சுற்றியது. டெல்லி நடைபாதையில் வேறு எந்தத் தண்ணீரைக் குடிப்பது என்று அனுப்பியவர்கள் யோசிக்கவில்லை.

அந்த ஓட்டத்தைப் பற்றி எனக்கு ஒரு கருத்து உண்டு. சித்தப்பாவிடமே சொல்லியிருக்கிறேன். நாடகம் என்று சொன்னவர்களோடு நான் சேரமாட்டேன். நூறு பேர், இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு அந்தப் பக்கம், மொழி தெரியாத ஊர், கையில் காசில்லை. உடம்பைத் தவிர அவர்களிடம் காட்டுவதற்கு என்ன இருந்தது? ஆனால் ஒன்று நடந்துவிட்டது. நாடு முழுக்க விவசாயிகளின் உடம்பைப் பற்றிப் பேச ஆரம்பித்தது. எலி உயிரோடு இருந்ததா, மண்டையோடு எங்கிருந்து வந்தது, இப்படிச் செய்யலாமா, நாட்டுக்கு அவமானம் இல்லையா என்றெல்லாம் விவாதம். வாரியம் ஏன் அமைக்கவில்லை என்ற கேள்வி ஒவ்வொரு நாளும் ஒரு படி பின்னால் போனது. பதில் சொல்ல வேண்டியவரை விட்டுவிட்டு, கேட்டவர்களிடமே எல்லோரும் கேள்வி கேட்டார்கள். ஏப்ரல் 22-ஆம் தேதி சிறுநீர் குடித்தார்கள். மறுநாள் முதல்வர் எடப்பாடி பழனிசாமி வந்து பேசினார். கோரிக்கைகளைப் பிரதமரிடம் எடுத்துச் சொல்வதாகச் சொன்னார். போராட்டம் நிறுத்திவைக்கப்பட்டது. மறுபடியும் ஒரு மேஜை அடுத்த மேஜையைக் காட்டியது.

இதற்கிடையில் ஊரில் என்ன நடந்தது என்பதை யாரும் எழுதவில்லை.

சித்தப்பா கிளம்பும்போது வீட்டில் மூன்று மாடுகள். வறட்சியில் அறுவடை இல்லை, அறுவடை இல்லையென்றால் வைக்கோல் இல்லை. வெளியிலிருந்து லாரியில் வந்த வைக்கோலை விலை கேட்கவே பயம். சித்தி ஒரு மாட்டைச் சினையோடு விற்றாள். சினை மாட்டை விற்பது எங்கள் வீட்டில் அதுவரை நடக்காதது. வாரா வாரம் குழுக் கடன் வசூலுக்கு ஆள் வருவான். மைக்ரோ பைனான்ஸ் தவணைக்கு வறட்சியும் கிடையாது, போராட்டமும் கிடையாது. பத்துப் பெண்கள் சேர்ந்த குழு, ஒருத்தி கட்டவில்லையென்றால் மற்ற ஒன்பது பேரும் அவளுடைய வாசலில் உட்கார வேண்டும். அப்படி ஒரு செவ்வாய்க்கிழமை சித்தியின் வாசலில் அவளுடைய தோழிகளே உட்கார்ந்திருந்தார்கள். யாரும் திட்டவில்லை. அவர்களுக்கும் வேறு வழியில்லை. சித்தி காதில் கிடந்ததைக் கழற்றிக் கொடுத்துவிட்டு உள்ளே போனாள். அதே ராத்திரி சித்தப்பா போன் பண்ணினார். "எல்லாம் நல்லாதான் இருக்கு. நீங்க உடம்பைப் பாத்துக்குங்க" என்றாள். நான் பக்கத்தில்தான் இருந்தேன்.

டெல்லியில் 41 நாள் என்று எழுதுகிறோமே, அது ஊரிலும் 41 நாள்தான். அங்கே உட்கார்ந்தவர்களின் வீட்டிலெல்லாம் ஒரு பெண் இந்த வேலையைச் செய்துகொண்டிருந்தாள். யாருடைய பட்டியலிலும் அவர்கள் இல்லை.

எங்கள் பக்கத்தில் இது புதிதும் இல்லை. 1930 ஏப்ரல் 13-ஆம் தேதி திருச்சியிலிருந்து ராஜாஜி தலைமையில் உப்பெடுக்கக் கிளம்பியவர்கள் தஞ்சாவூர், கும்பகோணம், மன்னார்குடி வழியாக வேதாரண்யம் போனார்கள். அன்றைய தஞ்சாவூர் கலெக்டர் தார்ன், அவர்களுக்குச் சோறும் தங்க இடமும் கொடுத்தால் தண்டனை என்று அறிவித்தார். அதனால் ஊர் மக்கள் சோற்றுப் பொட்டலங்களைச் சாலையோர மரக்கிளைகளில் கட்டிவைத்துவிட்டுப் போனார்கள். நடந்தவர்களின் பெயர்கள் பதிவாகியிருக்கின்றன. பொட்டலம் கட்டியவர்களின் பெயர் ஒன்றுகூட நமக்குத் தெரியாது.

புதுக்கோட்டை மாவட்டம் நெடுவாசலில் அந்தச் சமையல் போராட்டப் பந்தலுக்கே வந்தது. 2017 பிப்ரவரி 15-ஆம் தேதி அங்கே நிலத்தடியிலிருந்து எண்ணெய், எரிவாயு எடுக்கும் ஹைட்ரோகார்பன் திட்டத்துக்கு மத்திய அமைச்சரவைக் குழு ஒப்புதல் கொடுத்தது. மறுநாளே ஊர் உட்கார்ந்துவிட்டது. இடையில் ஒரு மாதம் நிறுத்தி, ஏப்ரலில் மறுபடி தொடங்கி, ஐந்து மாதத்துக்கும் மேலாக நடத்தினார்கள். நான் போன அன்று மரத்தடியில் பெரிய அண்டாவில் சாம்பார் சாதம் கொதித்தது. அன்றைக்கு எந்தத் தெரு சமைக்க வேண்டும், நாளைக்கு எந்தத் தெரு உட்கார வேண்டும் என்று முறை வைத்திருந்தார்கள். வாய்க்காலில் தண்ணீருக்கு முறை வைத்துப் பழகிய ஊருக்கு அது தானாக வந்தது. நடவு இருக்கிறவர்கள் நடவுக்குப் போனார்கள், இல்லாதவர்கள் பந்தலில் இருந்தார்கள். தஞ்சாவூர் மாவட்டம் கதிராமங்கலத்தில் அந்த வருஷம் ஜூன் 30-ஆம் தேதி எண்ணெய்க் குழாய் உடைந்து வயலில் கச்சா எண்ணெய் வந்தபோது தடியடி நடந்தது. பேராசிரியர் த. ஜெயராமன் உள்ளிட்டோர் கைது செய்யப்பட்டார்கள். அங்கேயும் பெண்கள்தான் முன்னால் உட்கார்ந்தார்கள். மீத்தேன் எதிர்ப்புக்காக ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்த இயற்கை விவசாய அறிஞர் நம்மாழ்வார் 2013 டிசம்பர் 30-ஆம் தேதி பட்டுக்கோட்டை பக்கம் அத்திவெட்டியில் காலமானார். அவர் விதைத்தது இங்கே முளைத்தது என்று எங்கள் பக்கம் சொல்வார்கள். நானும் அப்படித்தான் நம்புகிறேன். 2020 பிப்ரவரியில் பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டம் வந்தபோது நெடுவாசல் இருக்கும் திருவரங்குளம் ஒன்றியத்தையும் சேர்த்தார்கள். ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கிற எண்ணெய், எரிவாயுக் கிணறுகளை அந்தச் சட்டம் தொடவில்லை, அந்தக் குறை இன்னும் இருக்கிறது.

ஊரிலேயே உட்கார்ந்தால் முறை வைக்கலாம். டெல்லியில் உட்கார்ந்தால் முடியாது. மத்திய அரசின் மூன்று வேளாண் சட்டங்களை எதிர்த்து 2020 நவம்பர் 26-ஆம் தேதி பஞ்சாப், ஹரியானா விவசாயிகள் டெல்லி எல்லைக்கு வந்தபோது சித்தப்பா டிவியை விட்டு நகரவில்லை. சிங்கு, திக்ரி, காஜிப்பூர். டிராக்டர் பெட்டியிலேயே படுக்கை, அடுப்பு, ஆறு மாதத்துக்கு மாவு, பருப்பு. கோதுமை அறுப்பு வந்தால் ஒரு பகுதி ஊருக்குத் திரும்பும், ஊரிலிருந்து இன்னொரு பகுதி வரும். போனவனுடைய வயலை ஊரில் இருப்பவன் அறுத்துக் கொடுத்தான். பெண்கள் தாங்களே டிராக்டர் ஓட்டி வந்தார்கள். "இதுதாம்மா. இது நம்மளால முடியல" என்றார். மன்னார்குடியிலிருந்து டிராக்டரில் டெல்லிக்குப் போக முடியுமா? எங்கள் பக்கம் ஒரு ஏக்கர், இரண்டு ஏக்கர்க்காரர்கள்தான் அதிகம். ரயில் டிக்கெட்டுக்கே கடன் வாங்கித்தான் போனார்கள். அங்கே அரசு கொள்முதலில் பல தலைமுறையாக வளர்ந்த சங்கங்கள், மண்டி வலைப்பின்னல், குருத்வாராக்கள். ஒரு வருஷத்தில் எழுநூறுக்கும் மேற்பட்டவர்கள் இறந்ததாக விவசாய சங்கங்கள் சொல்கின்றன. குளிர், விபத்து, நோய். 2021 நவம்பர் 19-ஆம் தேதி, குரு நானக் பிறந்த நாளில், பிரதமர் டிவியில் வந்து மூன்று சட்டங்களையும் திரும்பப் பெறுவதாகச் சொன்னார். நவம்பர் 29-ஆம் தேதி நாடாளுமன்றத்தில் ரத்தானது. அடுத்து உத்தரப் பிரதேசத்திலும் பஞ்சாபிலும் தேர்தல் இருந்தது என்பதும் உண்மை. சித்தப்பா அன்று தெருவில் எல்லோருக்கும் மிட்டாய் வாங்கிக் கொடுத்தார். அவர் ஜந்தர் மந்தரில் எதிர்பார்த்தது அந்த முகம் அந்த வார்த்தையைச் சொல்வதைத்தான். அது வேறு விவசாயிகளுக்குக் கிடைத்ததில் அவருக்கு வருத்தமே இல்லை.

எங்களுக்குக் கிடைத்தது வேறு வழிகளில், துண்டு துண்டாக. 2018 பிப்ரவரி 16-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் காவிரித் தீர்ப்பைச் சொன்னது. கர்நாடகம் தர வேண்டியது 192 டிஎம்சியிலிருந்து 177.25 டிஎம்சியாகக் குறைந்தது. ஆறு வாரக் கெடு முடிந்தும் வாரியம் வராததால் ஏப்ரலில் தமிழ்நாடே தெருவுக்கு வந்தது. ஏப்ரல் 12-ஆம் தேதி பிரதமர் சென்னைக்கு வந்தபோது கறுப்புக் கொடி, கறுப்பு பலூன், கோபாலபுரம் வீட்டில் கறுப்புச் சட்டையில் கலைஞர். அன்று எங்கள் தெருவிலும் பழைய குடைத் துணியைக் கிழித்துக் கொடி கட்டினார்கள். ஜூன் 1-ஆம் தேதி காவிரி மேலாண்மை ஆணையம் அமைந்தது. நாங்கள் கேட்ட அதிகாரம் அதற்கு இல்லை, ஆனால் கேட்பதற்கு ஒரு முகவரியாவது வந்தது.

கடன் விஷயத்தில் அய்யாக்கண்ணுவின் சங்கம் போட்ட வழக்கில்தான் 2017 ஏப்ரல் 4-ஆம் தேதி உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, ஐந்து ஏக்கர் வரை உள்ளவர்களுக்கு மட்டும் என்று பார்க்காமல் எல்லா விவசாயிகளின் கூட்டுறவுக் கடனையும் தள்ளுபடி செய்யச் சொன்னது. சித்தப்பா நடைபாதையில் இருந்தபோதே வந்த தீர்ப்பு. ஜூலையில் உச்ச நீதிமன்றம் தடை போட்டது. 2021 பிப்ரவரியில், சட்டமன்றத் தேர்தலுக்குக் கொஞ்சம் முன்னால், எடப்பாடி பழனிசாமி 12,110 கோடி ரூபாய் கூட்டுறவுக் கடனைத் தள்ளுபடி செய்தார். சித்தியின் கடனும் அதில் போனது. 2023 ஏப்ரலில் டெல்டாவின் வடசேரி, மைக்கேல்பட்டி நிலக்கரிச் சுரங்க ஏலத்தை மத்திய அரசு சில நாட்களிலேயே கைவிட்டது. எதற்குச் சீக்கிரம் பதில் வருகிறது, எதற்கு வருவதில்லை என்று பார்த்தால் தேர்தல் நாட்காட்டிதான் கண்ணில் படுகிறது.

2019-இல் வாரணாசியில் மோடியை எதிர்த்து 111 விவசாயிகள் போட்டியிடுவார்கள் என்று அய்யாக்கண்ணு அறிவித்தார். சித்தப்பா பெயர் கொடுக்கத் தயாராக இருந்தார். ஏப்ரலில் அமித் ஷாவைச் சந்தித்த பிறகு, கோரிக்கைகளைப் பார்ப்பதாக உறுதி கிடைத்தது என்று சொல்லி அந்த முடிவைக் கைவிட்டார்கள். சித்தப்பாவுக்கு அதில் மனசு விட்டுப்போனது. அவர் அதைப் பற்றி நீளமாகப் பேச மாட்டார். "ஓட்டு எண்ணும்போது அந்தப் பட்டியல்ல நம்ம பேரு வந்திருக்கும்ல" என்பார். தேர்தலில் ஜெயிப்பதைப் பற்றி அவர் சொல்லவே இல்லை. பிரதமரின் பெயர் இருக்கிற அதே தாளில் தன் பெயரும் இருந்திருக்க வேண்டும் என்பதுதான் அவர் ஆசை. எனக்கு அது பெரிய விஷயமாகவே படுகிறது.

இப்போது அவர் மாதா மாதம் கலெக்டர் அலுவலகத்தில் நடக்கும் விவசாயிகள் குறைதீர்க்கும் கூட்டத்துக்குப் போகிறார். அறுவடைச் சோதனைக்கு எந்த வயலைத் தேர்ந்தெடுத்தார்கள் என்று கிராமத்தில் எழுதி ஒட்ட வேண்டும் என்று ஒவ்வொரு கூட்டத்திலும் கேட்கிறார். குறித்துக்கொள்கிறார்கள். கொள்முதல் நிலையத்தில் ஈரப்பதம் 17 சதவீதத்துக்கு மேல் என்று நெல்லைத் திருப்பும்போது, விலைக்குச் சட்டப்படி உத்தரவாதம் என்ற பழைய கோரிக்கை மறுபடி பேச்சில் வருகிறது. டெல்லி எல்லையிலிருந்து 2021-இல் கிளம்பியவர்கள் அதை வாங்காமல்தான் கிளம்பினார்கள்.

போன தையில் அறுவடைக்குப் போயிருந்தபோது, மறுபடி டெல்லிக்குப் போவதைப் பற்றித் திண்ணையில் பேச்சு வந்தது. சித்தப்பாவுக்கு முட்டி வலி, இருந்தாலும் ஆசை விடவில்லை. களத்திலிருந்து வந்த சித்தி முக்காட்டுத் துண்டை உதறிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு சொன்னாள்: "இந்தத் தடவை போறதுன்னா நான் போறேன். பட்டா என் பேர்ல இருக்கு, காப்பீடு என் பேர்ல இருக்கு, கடன் என் பேர்ல இருந்துச்சு. உங்களைப் பாத்து யாருய்யா நீன்னு கேட்டா உங்ககிட்ட என்ன காயிதம் இருக்கு? நீங்க மாட்டைப் பாத்துக்குங்க. செவ்வாய்க்கிழமை வசூலுக்கு வருவாங்க, அவங்களையும் பாத்துக்குங்க."

சித்தப்பா எதிர்த்து எதுவும் சொல்லவில்லை. எந்த ரயில், யார் யார் சேர்ந்து வருவார்கள் என்று சித்தி குழுவில் இருக்கிற பெண்களின் பெயர்களை விரல் விட்டு எண்ண ஆரம்பித்தாள். என் பெயரையும் சேர்த்துக்கொள்ளச் சொன்னேன்.